மார்ச் மேட்னஸ் பிராக்கெட்டைத் தப்பாகப் படிக்காதீர்கள்

அமெரிக்கக் கல்லூரி கூடைப்பந்தின் மார்ச் மேட்னஸ் தொடருக்குப் புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் என்பிஏ பிளேஆஃப் பார்த்துப் பழகியவர்கள். அங்கே ஒரு அணியை வெளியே அனுப்ப நான்கு தடவை தோற்கடிக்க வேண்டும், இங்கே ஒரு தடவை தோற்றால் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான். இது எல்லாருக்கும் தெரிகிறது. ஆனால் அணிகள் எப்படி உள்ளே வந்தன, எந்த மூலையில் வைக்கப்பட்டன, அந்த இடம் ஏன் அவ்வளவு முக்கியம் என்பதையெல்லாம் பலர் கவனிப்பதே இல்லை. என்னைக் கேட்டால் பாதி ஆட்டம் செலக்‌ஷன் சண்டே எனப்படும் அறிவிப்பு ஞாயிறு அன்று வெளியாகும் பிராக்கெட்டில், அதாவது எந்த அணி எதோடு மோதும் என்று கோடு போட்டுக் காட்டும் அந்த ஒற்றைத் தாளிலேயே இருக்கிறது. அதைச் சரியாகப் படித்துவிட்டால் மூன்று வாரமும் பார்ப்பதற்கு அவ்வளவு சுவாரஸ்யமாக இருக்கும்.

முதலில் சீடு எண், அதாவது அணியின் பலத்தைப் பார்த்துக் கொடுக்கும் வரிசை எண். அணியின் பெயருக்கு முன்னால் 5 என்று போட்டிருந்தால் அது நாட்டிலேயே ஐந்தாவது அணி என்று நினைத்துவிடாதீர்கள். ஈஸ்ட், வெஸ்ட், சவுத், மிட்வெஸ்ட் என்று நான்கு ரீஜன், அதாவது பிரிவு, ஒவ்வொன்றிலும் 1 முதல் 16 வரை சீடு. ஆக 5ஆம் சீடு வாங்கிய அணிகள் நான்கு இருக்கும், தேர்வுக் குழு போடும் ஒட்டுமொத்த வரிசையில் அவை ஏறக்குறைய 17 முதல் 20 வரையிலான இடங்களில் நிற்கும். பத்திரிகையாளர்கள் வாக்களிக்கும் ஏபி தரவரிசைக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை, இது கல்லூரி விளையாட்டை நடத்தும் அமைப்பான என்சிஏஏவின் 12 பேர் கொண்ட குழு உட்கார்ந்து போடுவது. முதல் சுற்றில் மோதும் இரண்டு சீடுகளையும் கூட்டினால் எப்போதும் 17 வரும்: 1க்கு 16, 2க்கு 15, இப்படியே 8க்கு 9 வரை. இதை மனதில் வைத்துக்கொண்டால் ‘5ஐ 12 வீழ்த்தியது’ என்ற செய்தி வரும்போது வாயைப் பிளக்க மாட்டீர்கள், ஏனென்றால் 12ஆம் சீடுகள் தோராயமாக மூன்றில் ஒரு தடவை ஜெயித்துக்கொண்டுதான் இருக்கின்றன. 8க்கும் 9க்கும் நடப்பதை அதிர்ச்சி என்று சொல்லவே கூடாது, அது நாணயத்தைச் சுண்டிவிடுவது மாதிரிதான்.

இதைவிடப் பெரிய தவறு, ஒவ்வொரு சுற்று முடிந்ததும் மிச்சமிருக்கும் அணிகளை மறுபடி தரம் பார்த்து ஜோடி சேர்ப்பார்கள் என்று நினைப்பது. அப்படி எதுவும் கிடையாது. ஞாயிற்றுக்கிழமை போட்ட கோடு போட்டதுதான். பெரிய அணி விழுந்தால் அந்த இடத்துக்கு, அதைத் தோற்கடித்த சின்ன அணி வந்து உட்கார்ந்துகொள்ளும், பக்கத்தில் இருப்பவர்களுக்குப் பாதை திறந்துவிடும்.

2018 சவுத் ரீஜனை எடுத்துப் பாருங்கள், இதைப் புரிந்துகொள்ள அதைவிட நல்ல உதாரணம் கிடையாது. நாட்டிலேயே முதலிடத்தில் இருந்த வர்ஜீனியாவை யுஎம்பிசி என்ற 16ஆம் சீடு 74-54 என்று இருபது புள்ளியில் சாய்த்தது. ஆண்கள் தொடரில் ஒரு 16, ஒரு 1ஐ வென்றது அதுதான் முதல் தடவை. ஆனால் கூர்ந்து பார்த்தால் அந்த ரீஜனில் 2ஆம் சீடு சின்சினாட்டி, 3ஆம் சீடு டென்னஸி, 4ஆம் சீடு அரிசோனா என்று முதல் நான்கு இடத்திலிருந்த அத்தனை அணிகளும் முதல் வார இறுதிக்குள்ளேயே வீட்டுக்குப் போய்விட்டன. மறுவரிசை முறை இருந்திருந்தால் மீதி இருந்தவர்கள் மேல் வேறு பலமான அணிகளைக் கொண்டுவந்து மோதவிட்டிருப்பார்கள். இல்லாததால் யுஎம்பிசி அடுத்த ஆட்டத்தில் 9ஆம் சீடு கான்சாஸ் ஸ்டேட்டிடம் 50-43 என்று தோற்றது, அந்தக் கான்சாஸ் ஸ்டேட் ரீஜன் இறுதிவரை போனது, எதிரே வந்து நின்றது 11ஆம் சீடு லயோலா சிகாகோ. லயோலா முதல் மூன்று ஆட்டங்களை 64-62, 63-62, 69-68 என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு ஜெயித்துவிட்டு, ரீஜன் இறுதியில் மட்டும் 78-62 என்று வசதியாக ஜெயித்து ஃபைனல் ஃபோருக்கு, அதாவது கடைசி நான்கு அணிகளின் சுற்றுக்கு, போனது. ஒரு ரீஜனை ஜெயிக்கப் போவது 9ஆ 11ஆ என்ற நிலை வந்ததற்குக் காரணம், ஆட்டத்தோடு சேர்ந்து இந்த அசையாத பிராக்கெட்டும்தான்.

அதனால் ஒரு அணிக்கு என்ன சீடு கிடைத்தது என்பதோடு நிறுத்தாமல், ஜெயித்தால் அடுத்து யார் என்று பார்க்கப் பழகுங்கள். 8, 9 சீடு வாங்கிய அணி முதல் ஆட்டத்தைத் தாண்டினால் இரண்டாவது சுற்றிலேயே 1ஆம் சீடு காத்திருக்கும். 10, 11 வாங்கியவர்களுக்கு அந்தச் சிக்கல் இல்லை, அவர்கள் இருப்பது வேறு மூலை. எண்ணில் கீழே இருந்தாலும் வழி சுலபமாக இருக்கலாம். அதே சமயம் 1ஆம் சீடுக்கும் எல்லா 8ஆம் சீடும் ஒன்றில்லை. 2025இல் ஃப்ளோரிடாவுக்கு இரண்டாவது சுற்றில் எதிரே வந்த 8ஆம் சீடு யுகான், அதாவது அதற்கு முந்தைய இரண்டு வருடமும் கோப்பையைத் தூக்கிய அணி. ஃப்ளோரிடா 77-75 என்று தப்பித்தது, கடைசியில் சாம்பியனும் ஆனது.

அந்த ஃப்ளோரிடாவை வைத்தே அடுத்த குழப்பத்தையும் சொல்லிவிடலாம். அவர்கள் இருந்தது வெஸ்ட் ரீஜன். ஆனால் முதல் இரண்டு ஆட்டம் நடந்தது கிழக்குக் கரை வட கரோலினாவின் ராலேயில்! ரீஜன் பெயரைப் பார்த்து ஊரை முடிவு செய்யாதீர்கள். 2002இலிருந்து முதல் வார இறுதியில் அணிகளை முடிந்தவரை அவரவர் ஊருக்குப் பக்கத்து மைதானத்துக்கு அனுப்புகிறார்கள், மேலே உள்ள சீடுகளுக்கு இதில் முன்னுரிமை. ரீஜன் பெயர் உண்மையில் அர்த்தப்படுவது இரண்டாவது வாரத்தில்தான், ஃப்ளோரிடா அப்போது சான் ஃபிரான்சிஸ்கோவுக்குப் பறந்தது. பக்கத்து ஊர் என்பதற்காகச் சொந்த மைதானம் என்று எடுத்துக்கொள்ளவும் கூடாது, ஆண்கள் தொடரில் முதல் சுற்றிலிருந்து எந்த அணியையும் தன் வீட்டுக் களத்தில் ஆட விடமாட்டார்கள்.

அணிகளை எங்கே வைப்பது என்பதற்கு இன்னும் பல விதிகள் உண்டு. ஒரே கான்ஃபரன்ஸை, அதாவது சீசனில் தங்களுக்குள் ஆடும் கல்லூரிகளின் கூட்டமைப்பை, சேர்ந்தவர்கள் ஆரம்பத்திலேயே மோதிக்கொள்ளாதபடி பிரித்து வைப்பார்கள், ஆனால் 2025இல் எஸ்இசி என்ற ஒரே கான்ஃபரன்ஸிலிருந்து 14 அணிகள் வந்தபோது அதெல்லாம் எவ்வளவு நெருக்கடியாக இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். இடம் சரிப்படவில்லை என்றால் ஒரு அணியின் சீடை ஒரு படி ஏற்றவோ இறக்கவோ குழுவுக்கு அனுமதி இருக்கிறது. யூட்டாவில் இருக்கும் பிஒய்யு (பிரிகாம் யங் பல்கலைக்கழகம்) மத நம்பிக்கை காரணமாக ஞாயிற்றுக்கிழமை ஆடாது, அதனால் அவர்களை எப்போதும் வியாழன்-சனி ஆட்டம் உள்ள இடத்தில்தான் வைக்க வேண்டும். 2003இல் குழுவே இதைக் கோட்டை விட்டு, ஜெயித்துக்கொண்டே போனால் ஞாயிறு ஆட வேண்டிய இடத்தில் அவர்களை வைத்துவிட்டது. முதல் ஆட்டத்திலேயே பிஒய்யு தோற்றதால் பிரச்சினை வரவில்லை.

ஃபர்ஸ்ட் ஃபோர் விஷயத்துக்கு வருவோம், ஏனென்றால் இங்கேதான் அதிகம் பேர் தடுமாறுகிறார்கள். 64 அணிகள் என்றால் கணக்கு அழகாக இருக்கும், ஆறு சுற்று. 2011 முதல் 68 அணிகள் என்று ஆனதால், மிச்சம் நான்கைக் கழிக்க ஒஹையோவின் டேட்டனில் செவ்வாயும் புதனும் நான்கு ஆட்டங்கள். இதில் ஆடுவது கடைசி எட்டு அணிகள் என்பது பொதுவான நினைப்பு. அது தப்பு. கான்ஃபரன்ஸ் கோப்பை ஜெயித்து நேரடியாக வந்தவர்களில் கடைசி நான்கு அணிகளுக்கு 16ஆம் சீடுக்கான இரண்டு ஆட்டம், குழு தேர்ந்தெடுத்தவர்களில் கடைசி நான்கு அணிகளுக்கு இன்னும் இரண்டு ஆட்டம். இரண்டாவது வகையினர் பெரும்பாலும் 11 அல்லது 12ஆம் சீடாக உள்ளே வருவார்கள், பலமான அணிகள். 2011இல் விசியு அங்கே தொடங்கி, கான்சாஸை 71-61 என்று வீழ்த்தி ஃபைனல் ஃபோர்வரை போனது. 2021இல் யுசிஎல்ஏவும் ஃபர்ஸ்ட் ஃபோரில் தொடங்கி அதே தூரம் போனது, அந்த வருடம் மட்டும் அந்த ஆட்டங்கள் டேட்டனில் நடக்கவில்லை. ஆகவே ‘டேட்டன்தானே’ என்று அந்த நான்கு ஆட்டத்தை விட்டுவிடாதீர்கள். 2023இல் பர்டூவை 63-58 என்று தோற்கடித்த 16ஆம் சீடு ஃபேர்லி டிக்கின்சனும் டேட்டன் வழியாக வந்ததுதான்.

பழைய செய்திகளைப் படிப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. 2011 முதல் 2015 வரை இந்த டேட்டன் ஆட்டங்களையே ‘முதல் சுற்று’ என்று அதிகாரப்பூர்வமாக அழைத்தார்கள், அதனால் 64 அணிகள் ஆடுவது ‘இரண்டாம் சுற்று’ ஆனது. 2016இல் மாற்றிவிட்டார்கள். அந்த ஐந்து வருடக் கட்டுரைகளில் சுற்றின் பெயரை அப்படியே எடுத்தால் ஒரு படி தள்ளிப்போய்விடும்.

உள்ளே வரும் வழியிலும் ஒரு தவறான எண்ணம் இருக்கிறது, வருடம் முழுக்க நன்றாக ஆடினால்தான் இடம் என்று. 2025 தொடரில் 31 கான்ஃபரன்ஸ் சாம்பியன்களுக்கு நேரடி இடம், மீதி 37 பேரைக் குழு தேர்ந்தெடுத்தது. அந்த நேரடி இடம் போவது சீசன் முடிவில் நடக்கும் கான்ஃபரன்ஸ் தொடரை ஜெயித்தவர்களுக்கு, பட்டியலில் முதலிடம் பிடித்தவர்களுக்கு இல்லை. 2024இல் என்சி ஸ்டேட் 17 வெற்றி, 14 தோல்வி என்ற நிலையில் ஏசிசி என்ற தன் கான்ஃபரன்ஸின் தொடருக்குள் நுழைந்தது. ஐந்து நாளில் ஐந்து ஆட்டம் ஜெயித்தது, 11ஆம் சீடாக வந்து ஃபைனல் ஃபோர்வரை போனது. அந்த வாரம் ஒரே ஒரு ஆட்டம் தோற்றிருந்தாலும் அவர்கள் பெயரே பிராக்கெட்டில் இருந்திருக்காது. இப்படி எதிர்பாராமல் ஒருவர் நுழையும்போது குழுவின் பட்டியலில் ஓரத்தில் தொங்கிக்கொண்டிருந்த வேறொருவர் வெளியே விழுவார் என்பதையும் மறக்க வேண்டாம். அந்த ஞாயிறு டிவி முன்னால் உட்கார்ந்திருக்கும் மாணவர்களின் முகங்கள் எனக்கு எந்த இறுதிப்போட்டியையும்விடக் கஷ்டமானவை.

பிராக்கெட் நிரப்புகிறவர்களுக்கு இரண்டு விஷயம். மொத்தம் எத்தனை ஆட்டம் என்று விரல்விட்டு எண்ணவே வேண்டாம், ஒவ்வொரு ஆட்டமும் ஒருவரை வெளியேற்றுகிறது, கடைசியில் ஒருவர் மிஞ்ச வேண்டும், 68 அணிக்கு 67 ஆட்டம். டேட்டன் ஆட்டங்களை விட்டால் 63. அத்தனையையும் நிரப்ப இருக்கும் வழிகளின் எண்ணிக்கை 2ஐ 63 தடவை பெருக்கினால் வருவது, சுமார் 92 லட்சம் கோடியை ஒரு லட்சத்தால் பெருக்கினால் கிடைக்கும், நினைத்துப் பார்க்க முடியாத எண். ஆகவே முழுசும் சரியாக வரும் என்ற ஆசையை விட்டுவிட்டு, புள்ளி முறையைப் பாருங்கள். பெரும்பாலான போட்டிகளில் ஒவ்வொரு சுற்றுக்கும் புள்ளி இரட்டிப்பாகும், அதாவது முதல் சுற்றில் 32 ஆட்டத்தையும் சரியாகச் சொன்னவருக்குக் கிடைப்பதும் சாம்பியன் ஒருவரைச் சரியாகச் சொன்னவருக்கு அந்த ஒரு ஆட்டத்தில் கிடைப்பதும் ஒன்று. முதல் சுற்று அதிர்ச்சிகளைத் தேடித்தேடிப் போட்டுவிட்டு ஃபைனல் ஃபோரை அவசரத்தில் எழுதுவது வீண். அதற்காக நான்கு 1ஆம் சீடுகளையும் கண்ணை மூடிக்கொண்டு எழுதிவிடவும் வேண்டாம், அது உண்மையில் நடந்தது 2008, 2025 என்று இரண்டே தடவை.

கோப்பை வாங்கியவர்தான் அந்த வருடத்தின் சிறந்த அணி என்று முடிவு கட்டுவதும் சரியில்லை. 2015இல் கென்டக்கி 38 ஆட்டம் தோல்வியே இல்லாமல் வந்து, ஃபைனல் ஃபோரில் விஸ்கான்சினிடம் 71-64 என்று தோற்றது. 1985இல் ஜெயித்தது 8ஆம் சீடு வில்லனோவா. தோல்வியே இல்லாமல் கோப்பையைத் தூக்கிய கடைசி ஆண்கள் அணி 1976 இண்டியானா. இதைக் குறை என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை, ஆறு எதிரிகளை மூன்று ஊரில் வரிசையாக ஒருமுறைகூடச் சறுக்காமல் தாண்டுவது தனித் திறமை.

இந்தியாவிலிருந்து பார்ப்பவர்கள் தேதியில் ஏமாறாதீர்கள். அங்கே கிழக்குக் கரை நேரப்படி வியாழன் மதியம் 12 மணியை ஒட்டித் தொடங்கும் முதல் சுற்று இங்கே இரவு 9.30ஐ ஒட்டித் தொடங்கி, விடிய விடிய ஓடும். இறுதிப்போட்டி அங்கே திங்கள் இரவு, நமக்குச் செவ்வாய் காலை. ஃபைனல் ஃபோரில் தோற்றவர்களுக்கு மூன்றாம் இடத்துக்கான ஆட்டம் உண்டா என்று தேட வேண்டாம், அது 1981ஓடு நின்றுபோனது.

பெண்கள் தொடரும் இதே அச்சில் வார்த்தது என்று நினைத்து உட்கார்ந்தால் குழப்பம்தான். 2022 முதல் அங்கேயும் 68 அணிகள், ஆனால் தரவரிசையில் முதல் 16 அணிகள் முதல் இரண்டு சுற்றையும் தங்கள் சொந்த மைதானத்திலேயே நடத்தும், டேட்டன் போல ஃபர்ஸ்ட் ஃபோருக்குத் தனி ஊர் கிடையாது, 2023 முதல் நான்கு ரீஜன் இறுதிகளும் இரண்டே ஊரில் நடக்கின்றன. ஆண்கள் ஆடுவது இருபது நிமிடப் பாதிகள் இரண்டு, பெண்கள் ஆடுவது பத்து நிமிடக் கால்பகுதிகள் நான்கு. அப்புறம், 1ஐ வீழ்த்திய முதல் 16 யுஎம்பிசி என்று யாராவது எழுதினால் திருத்துங்கள். ஆண்கள் தொடரில்தான் அது முதல். அதற்கு இருபது வருடம் முன்பே, 1998இல், ஸ்டான்ஃபோர்டை அதன் சொந்தக் களத்திலேயே 71-67 என்று ஹார்வர்ட் பெண்கள் தோற்கடித்தார்கள். ஸ்டான்ஃபோர்டின் இரண்டு முக்கிய வீராங்கனைகள் காயத்தால் ஆடவில்லை என்பது உண்மைதான், ஆனால் ஹார்வர்டின் அலிசன் ஃபீஸ்டர் அன்று ஒருவராகவே 35 புள்ளி எடுத்தார்.