கடை பாக்கி வழக்கை ராஜியில் முடிப்பது எப்படி?

சென்னை வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் ஜவுளிக்கடை வைத்திருப்பவர், சவுக்கார்பேட்டை மொத்த வியாபாரிக்கு 6 லட்சம் பாக்கி என்று வைத்துக்கொள்வோம். சரக்கு தந்தவர் ஹைகோர்ட் வளாகத்தில் உள்ள சிட்டி சிவில் கோர்ட்டில் வழக்குப் போட்டுவிட்டார். அப்புறம் இருவரும் பேசி, மாதம் 40,000 வீதம் 12 தவணையில் 4,80,000 கட்டினால் போதும் என்று ஒத்துக்கொள்கிறார்கள். பேச்சு முடிந்ததே என்று கடைக்காரர் வாய்தாவுக்குப் போகாமல் இருந்தால், முழுத் தொகைக்கும் எக்ஸ்பார்ட்டி டிகிரி (ஒரு தரப்பு வராததால் மறுதரப்பை மட்டும் கேட்டுத் தரும் தீர்ப்பாணை) ஆகிவிடலாம். பேசியதைக் கோர்ட்டில் பதிவு செய்தால்தான் பலன்.

முதலில் கணக்கை ஒத்துப்பாருங்கள். பில், லெட்ஜர், திரும்பிப் போன சரக்கு, வங்கியில் கட்டியது எல்லாம். இதில் இழுபறி இருந்தால் மேற்கொண்டு எழுதுவது வீண்.

அடுத்து ராஜி மனு, அதாவது பேசி முடித்த சமரசத்தை எழுதிக் கோர்ட்டில் கொடுக்கும் மனு. உரிமையியல் நடைமுறைச் சட்டம் (1908), கட்டளை 23 விதி 3 கேட்பது இரண்டு: ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், கட்சிக்காரர்களின் கையெழுத்து இருக்க வேண்டும். பங்குதாரர் நிறுவனம் என்றால், கையெழுத்துப் போடுபவருக்கு அதிகாரம் உண்டா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

மனுவின் உயிர், தவணை தவறினால் என்ன என்ற பத்தியில்தான் இருக்கிறது. "4,80,000 கட்டுவேன், தவறினால் 6 லட்சம் கட்டுவேன்" என்று எழுதினால், கூடுதல் தொகை அபராதம் போன்றது என்று பிற்பாடு தகராறு வரும். "பாக்கி 6 லட்சம் என்று ஒப்புக்கொள்கிறேன், தவணை தவறாமல் 4,80,000 கட்டினால் மீதி தள்ளுபடி" என்று எழுதுவது கடன் கொடுத்தவருக்குப் பலம். கடைக்காரர் தன் பங்குக்கு, தேதி தாண்டினாலும் 7 நாளோ 10 நாளோ அவகாசம் கேட்டு எழுதி வாங்கட்டும். தீபாவளி சீசன் முடிந்த மாதங்களில் கல்லாவில் காசு இருக்காது என்பது இரு தரப்புக்கும் தெரிந்த கதைதானே!

பிறகு கோர்ட்டில் தாக்கல். நீதிபதி இருவரையும் கேட்டு, ஒப்பந்தம் சட்டப்படி சரி என்று திருப்தியானால் அதன்படியே டிகிரி தருவார். சம்மதத்தின் பேரில் வந்த டிகிரிக்கு அப்பீல் கிடையாது (அதே சட்டம், பிரிவு 96(3)). ராஜியே செல்லாது என்று தனி வழக்கும் போட முடியாது. ஆகவே வக்கீல் நீட்டிய தாளில் கண்ணை மூடிக் கையெழுத்துப் போடாதீர்கள்.

வாதிக்கு ஒரு லாபம் உண்டு. தமிழ்நாடு கோர்ட் கட்டணச் சட்டத்தின் 69-அ பிரிவில் கட்டிய கட்டணத்தைத் திரும்பக் கேட்கலாம். கட்சிக்காரர்கள் தாங்களாகவே வெளியில் பேசி முடித்தாலும் இது பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் 2021இல் சொல்லிவிட்டது.

பணம் கட்டுபவர் ஏமாறுவது டிகிரிக்குப் பிறகுதான். கோர்ட்டுக்கு வெளியே கட்டிய பணம் கோர்ட்டில் பதிவாகவில்லை என்றால், நிறைவேற்று மனு (டிகிரித் தொகையை வசூலிக்கப் போடும் மனு) வரும்போது அது கணக்கில் ஏறாது (கட்டளை 21 விதி 2). எதிர்த்தரப்பு தானாகப் பதிவு செய்யாவிட்டால், பணம் கட்டிய 30 நாளுக்குள் நீங்களே மனு போட வேண்டும். டிகிரியை நிறைவேற்றக் கெடு 12 வருடம். அதுவரை உங்கள் தலைக்கு மேல் கத்திதான். ரொக்கம் வேண்டாம், வங்கி வழியாகவே அனுப்புங்கள். கடைசித் தவணை முடிந்ததும் முழுப் பணமும் வந்துவிட்டது என்று எதிர்த்தரப்பை முழுத் திருப்தி மெமோ தாக்கல் செய்ய வையுங்கள்.

செக் பவுன்ஸ் வழக்கும் (மாற்றுமுறை ஆவணச் சட்டம், பிரிவு 138) ஓடுகிறது என்றால், சிவில் டிகிரியால் அது தானாக முடியாது. அதையும் சமரசமாக முடித்துக்கொள்ள ராஜி மனுவிலேயே ஒரு பத்தி சேர்த்து, மாஜிஸ்திரேட் கோர்ட்டில் தனியாக மனு போட வேண்டும்.