வாயோடு நின்றுவிடும் படங்கள்: உண்பதையும் உடலையும் பற்றிய குறும்படத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

உண்பதை வைத்துச் சோதனைக் குறும்படம் எடுப்பவர்கள் பலரும் அருவருப்பை நம்பி இறங்கிவிடுகிறார்கள். எச்சில் வழியும் வாயை மிக நெருக்கமான குளோசப்பில் காட்டினால் போதும் என்ற எண்ணம். அந்த வாய் சினிமாவுக்குப் புதிதல்ல. 1901-லேயே ஜேம்ஸ் வில்லியம்சன் எடுத்த ‘தி பிக் ஸ்வாலோ’வில் ஒரு மனிதர் கேமராவை நோக்கி நடந்து வந்து, வாயைத் திரை முழுக்கத் திறந்து, படம் பிடிப்பவரையே விழுங்கிவிடுகிறார். அங்கே வாய் நம்மைத் தேடி வருகிறது. வெறுமனே மென்றுகொண்டிருக்கும் வாய் பத்து நொடிகளில் சலித்துவிடும்.

உண்பது வாயில் மட்டும் நடப்பதில்லை. ஒருவர் ஆரஞ்சுச் சுளை ஒன்றை மெல்லும்போது கண்ணுக்கும் காதுக்கும் இடையே உள்ள அவருடைய நெற்றிப்பொட்டைப் பாருங்கள். ஒவ்வொரு கடிக்கும் அங்கே தசை புடைத்து அடங்கும். பிறகு மெல்வது நிற்கும், தொண்டை மேலே ஏறி இறங்கும். விழுங்கும் அந்தக் கணத்தில் மூச்சும் நின்றுவிடுகிறது. என்னைக் கேட்டால் படமே அங்குதான் இருக்கிறது. ஆனால் எடிட்டிங் மேசையில் முதலில் வெட்டுப்படுவதும் அதுதான். அமெரிக்க ஓவியர் ஆண்டி வார்ஹோல் 1964-இல் எடுத்த ‘ஈட்’ படத்தில் இன்னொரு ஓவியரான ராபர்ட் இந்தியானா ஒரே ஒரு காளானை அரை மணி நேரத்துக்கும் மேலாகத் தின்கிறார். அவ்வளவு நீளம் தேவையில்லை. ஒரு கவளம் முழுதாக உள்ளே போகும் வரையாவது காத்திருங்கள்.

ஒலியில் நடக்கும் தவறு இன்னும் பெரியது. நாம் மெல்லும் சத்தம் நமக்குத் தாடை எலும்பு வழியாகவும் கேட்கிறது. அதனால்தான் அது அத்தனை கனமாக ஒலிக்கிறது. வாய்க்கு எதிரே வைத்த மைக்கில் அந்தக் கனம் பதிவாகாது. குறையை ஈடுகட்டச் சளசளவென்று ஈர ஒலிகளைச் சேர்த்தால் காட்சி கேலிக்கூத்தாகிவிடும். தாடையில் ஒட்டி அதன் அதிர்வையே பிடிக்கும் கான்டாக்ட் மைக்கை வைத்துப் பதிவு செய்து பாருங்கள், பார்வையாளர் அந்த உடலுக்குள் போய்விடுவார்.

வெளிச்சத்தில் பச்சை சாயல் ஏறினால் நல்ல உணவும் கெட்டுப்போனதாகத் தெரியும். பசியைக் காட்டும் ஷாட்களை முதலில் எடுத்துவிடுங்கள். வயிறு நிறைந்தவரின் தாடை வேறு மாதிரி அசையும்.

பருத்த உடலைப் பேராசைக்குக் குறியீடாக வைப்பதை என்னால் ஏற்கவே முடியாது. அது சோம்பேறித்தனம், கொடுமையும்கூட. நடிப்பவருக்கு உணவோடு பழைய வலி ஏதேனும் இருக்கலாம். எதை, எத்தனை டேக், எவ்வளவு நெருக்கத்தில் என்பதைப் படப்பிடிப்புக்கு முந்தைய நாளே சொல்லிவிடுங்கள். துப்புவதற்கு ஒரு கிண்ணம் அவர் கையெட்டும் தூரத்தில் இருக்கட்டும்.