கரண்ட் பில்லால் வீட்டுக்காரரோடு தகராறா? சிங்கப்பூரில் முதலில் செய்ய வேண்டியவை

போன வருடம் என் தங்கை மகன் வாடகைக்கு இருந்த அறையில், திடீரென்று ஒரு மாதம் ‘பியூபி பில்’ பங்காக 190 வெள்ளி கேட்டார்கள். (பியூபி என்பது பொதுப் பயனீட்டுக் கழகம். மின்சாரம் 1995லேயே அதனிடமிருந்து சிங்கப்பூர் பவர் கைக்குப் போய்விட்டது. பேச்சில் இன்னும் பியூபிதான்.) அவன் கோபத்தில் வாடகையை நிறுத்தி வைக்கப் பார்த்தான். தயவுசெய்து அதை மட்டும் செய்யாதீர்கள். வாடகை தராவிட்டால் ஒப்பந்தத்தை மீறியவர் நீங்கள் என்று ஆகிவிடும்.

1. ஒப்பந்தத்தை எடுத்துப் படியுங்கள்

பில் யார் பெயரில் வருகிறது, வாடகையோடு சேர்த்தா தனியா, எத்தனை பேருக்குப் பங்கு, உச்சவரம்பு உண்டா, ஏர்கான் இரவில் மட்டுமா என்று பாருங்கள். பாதித் தகராறு, வாயால் பேசி எழுதாமல் விட்டதில்தான் வருகிறது.

ஒப்பந்தத்துக்கு முத்திரைத் தீர்வை கட்டியிருக்கிறதா என்றும் பாருங்கள். நான்கு ஆண்டு வரையிலான ஒப்பந்தத்துக்கு மொத்த வாடகையில் 0.4 விழுக்காடு. மாதம் 1,000 வெள்ளி என்றால் ஓர் ஆண்டுக்கு 48 வெள்ளிதான். இங்கே கையெழுத்துப் போட்டிருந்தால் 14 நாளுக்குள் கட்ட வேண்டும். கட்டாத ஒப்பந்தத்தை நீதிமன்றம் சாட்சியமாக ஏற்காது. விட்டுப்போயிருந்தால் அபராதத்தோடு இப்போதாவது கட்டிவிடுங்கள்.

2. மீட்டரைப் படம் எடுங்கள்

குடிபுகும் நாளிலும், பிறகு மாதா மாதம் ஒரே தேதியிலும் எடுங்கள். 41,230 இருந்தது அடுத்த மாதம் 41,510 ஆனால், வீடு முழுவதும் ஓடியது 280 யூனிட். பில்லின் பங்கை மட்டும் வாங்காமல் முழுப் பில்லையும் கேளுங்கள். அது மீட்டரைப் பார்க்காமல் மதிப்பீட்டு அளவில் வந்த பில்லா, உண்மை அளவா என்று கவனியுங்கள். மின்கட்டணம் மூன்று மாதத்துக்கு ஒருமுறை மாறுவதையும் கணக்கில் வையுங்கள். எங்கள் வீட்டுப் பையனுக்கு வந்தது மதிப்பீட்டுப் பில். வீட்டுக்காரர் அக்காவிடம் இரண்டு படங்களையும் காட்டியதும் அவரே மறுபடி கணக்குப் போட்டார்.

3. எழுத்தில் கேளுங்கள்

வாட்ஸ்அப் போதும். “அக்கா, இந்த மாதப் பில்லின் முழுப் படத்தையும் அனுப்ப முடியுமா? மீட்டர் படம் இணைத்திருக்கிறேன்” என்று மரியாதையாக, தேதியோடு அனுப்புங்கள். நேரில் பேசினால், பேசியதை அன்றைக்கே சுருக்கமாக எழுதி அனுப்பிவிடுங்கள்.

4. கரண்டையே நிறுத்திவிட்டால்?

அண்டை வீட்டில் கரண்ட் இருக்கிறதா, உங்கள் வீட்டில் டிரிப் ஆகியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பணத்தகராறுக்காக வீட்டுக்காரர் வேண்டுமென்றே நிறுத்தினால், நிம்மதியாகக் குடியிருக்கும் உங்கள் உரிமையில் அவர் கை வைக்கிறார். எந்த நேரம் நின்றது, எப்போது வந்தது, எவ்வளவு செலவு என்று குறித்து, ரசீதுகளோடு வையுங்கள். வயரிங்கில் நீங்களாகக் கை வைக்காதீர்கள், உயிருக்கு ஆபத்து. அது உரிமம் பெற்ற மின்பணியாளர் வேலை.

5. பேசித் தீரவில்லை என்றால்

சிறு கோரிக்கை நடுவர் மன்றம் இருக்கிறது. இரண்டு ஆண்டுக்கு மேற்படாத குடியிருப்பு வாடகை ஒப்பந்தத்துக்குத்தான் இது பொருந்தும். 20,000 வெள்ளி வரை கோரலாம், இரு தரப்பும் ஒப்புக்கொண்டால் 30,000 வரை. பிரச்சினை எழுந்த இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும். முன்பணத்தில் ‘கரண்ட் பாக்கி’ என்று பிடித்துக்கொண்டாலும் இங்கே கேட்கலாம்.

மனுவை இணையத்தில் சிங்பாஸ் (அரசாங்கச் சேவைகளுக்கான மின்னடையாளக் கணக்கு) வழியாகப் போடலாம். வழக்கறிஞர் வைக்க முடியாது. வீட்டுக்காரருக்கும் அதே நிலைதான், அதனால் பயப்பட வேண்டாம். முதலில் சமரசத்துக்குத்தான் முயல்வார்கள், முடியாவிட்டால்தான் விசாரணை. ஒப்பந்தம், பில், மீட்டர் படம், வாட்ஸ்அப் எல்லாவற்றையும் தேதி வரிசையில் அடுக்கிக் கொண்டு போங்கள். ஆங்கிலம் தடுமாறினால், தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.