ஸ்டான்லி மாரிசனைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அச்சு வரலாறு எழுத வரும் இளைஞர்களின் கட்டுரைகளைத் திருத்திக் கொடுப்பது சில ஆண்டுகளாக என் வேலைகளில் ஒன்று. பிரிட்டிஷ் அச்சுக்கலைஞர் ஸ்டான்லி மாரிசனைப் (1889–1967) பற்றி எழுதுகிறவர்கள், ஒரு காலத்தில் நான் தடுக்கி விழுந்த இடங்களிலேயே விழுகிறார்கள். ஆண்டுகளைச் சரிபார்க்க வேண்டும் என்பதை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை, அதை விட்டுவிடுகிறேன்.

"டைம்ஸ் நியூ ரோமனை வரைந்தவர் மாரிசன்"

லண்டனின் டைம்ஸ் நாளிதழுக்காக உருவான எழுத்துரு அது. வரைந்தவர் அவர் அல்லர். டைம்ஸ் நாளிதழின் அச்சை 1929-இல் கடுமையாகக் குறை கூறிய மாரிசனையே அந்த நாளிதழ் ஆலோசகராக அமர்த்திக்கொண்டது. புதிய எழுத்து ஏன் வேண்டும் என்று 1930-இல் நீண்ட அறிக்கை எழுதி அவர் நிர்வாகத்தை இணங்கவைத்தார். தாளில் வரைந்தவர் நாளிதழின் விளம்பரப் பிரிவில் ஓவியராக இருந்த விக்டர் லார்டன்ட். பதினாறாம் நூற்றாண்டில் ஆன்ட்வெர்ப் அச்சாளர் பிளான்டின் அச்சிட்ட நூலொன்றின் பக்கத்தை நிழற்படமாக மாரிசன் தம்மிடம் கொடுத்தார் என்பது லார்டன்டின் நினைவு. தாமே பென்சிலால் வரைந்து கொடுத்ததாக மாரிசன் சொன்னார். பிறகு லார்டன்டின் வரைவுகள், எழுத்து வார்க்கும் இயந்திரங்களைச் செய்த மோனோடைப் நிறுவனத்துக்குச் சரே மாவட்டத்துச் சால்ஃபர்ட்ஸிலிருந்த ஆலைக்குப் போயின. அங்கே ஒவ்வோர் எழுத்தையும் பெரிதாக வரைந்து, பஞ்ச் (எழுத்து செதுக்கிய எஃகு முளை) வெட்டி, உலோகத்தில் வார்த்து, அச்சிட்டுப் பார்த்து, பொருந்தாதவற்றை மறுபடியும் வெட்டினார்கள். 1932 அக்டோபர் 3 அன்று நாளிதழ் புதிய எழுத்தில் வெளிவந்தது.

இவ்வளவு பேரையும் நான் ஒரே சொல்லில் விழுங்கினேன். சிறிய கண்காட்சி ஒன்றுக்காக நான் எழுதிய துண்டுப் பிரசுரத்தில் "எழுத்துரு வடிவமைப்பாளர் மாரிசன், தம் கைப்பட வரைந்த" என்று போட்டு 500 படிகள் அடித்துவிட்டோம். மோனோடைப் இயந்திரத்தில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் வாசலிலேயே நின்று படித்துவிட்டு, "தம்பி, லார்டன்ட் பேரு எங்க?" என்று கேட்டார். அன்றிரவு திருத்தச் சீட்டுகளை ஒவ்வொன்றாகப் பசை தடவி ஒட்டினோம். ஈரம் காயாமல் தாள் நெளிந்து, காலையில் அடுக்கிய கட்டுகள் அப்பளம்போல் உப்பி நின்றன. இன்றும் "வடிவமைப்பாளர்" என்ற சொல்லை மாரிசன் பெயருக்கு முன்னால் பார்த்தால் எனக்கு எரிச்சல் வருகிறது.

எரிச்சலுக்கு வேறு காரணமும் உண்டு. அந்தச் சொல், அவர் உண்மையில் செய்த வேலையை மறைக்கிறது. நாளிதழின் குறுகிய பத்தியில் அதிகச் சொற்கள் அடங்க வேண்டும், ஆனால் எழுத்து சிறிதாகத் தோன்றக் கூடாது என்று கேட்டது அவர். சோதனை அச்சுகளைப் பார்த்து இது வேண்டும், இது வேண்டாம் என்று தீர்மானித்தது அவர். பணம் செலவிட முதலாளிகளைச் சம்மதிக்கவைத்ததும் அவர். மோனோடைப் நிறுவனத்தின் ஆலோசகராக இருந்தபோதும் இதே வேலைதான்: சிற்பி எரிக் கில்லை எழுத்து வரைய வைத்தார், பழைய எழுத்துகளைப் புதுப்பிக்க வைத்தார். பேனாவைத் தேடினால் இந்த மனிதர் அகப்படமாட்டார்.

அவர் சொன்னதையே சான்றாகக் கொள்ளுதல்

மோனோடைப்பின் பழைய எழுத்து மீட்பு முழுவதும் தாம் முன்கூட்டியே வகுத்த திட்டம் என்ற தோற்றத்தைப் பிற்கால எழுத்தில் மாரிசன் ஏற்படுத்தினார். பின்வந்த ஆய்வாளர்கள் அதை அப்படியே ஏற்கவில்லை. இத்தனைக்கும், தமக்குச் சங்கடமான உண்மையை அவர் ஒளித்தவரும் அல்லர்: பதினாறாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு எழுத்து வெட்டுநர் காரமண்டின் எழுத்து என்று நம்பி மோனோடைப் உட்படப் பலர் புதுப்பித்தது உண்மையில் அவருக்குப் பின்வந்த ழான் ஜானோன் வெட்டியது என்பதை, பால் போஜோன் என்ற புனைபெயரில் அச்சு வரலாற்று ஆய்வாளர் பியாட்ரிஸ் வார்ட் 1926-இல் நிறுவிய கட்டுரை, மாரிசன் ஆசிரியராக இருந்த 'ஃப்ளூரான்' என்ற அச்சுக்கலை இதழில்தான் வந்தது.

சிறைவாசத்தைத் தாண்டிப் போதல்

முதல் உலகப் போரில் சேர மறுத்து அவர் சிறை சென்றார். பெலிகன் அச்சகத்தின் ஃபிரான்சிஸ் மெய்னெலும் போரை மறுத்தவர், கத்தோலிக்கர். மாரிசனும் கத்தோலிக்கத்திற்கு மாறியவர். இந்த உறவைச் சொல்லாமல் போருக்குப் பின் அவர் அந்த அச்சகத்துக்கு வந்ததை விளக்க முடியாது.

கல்லூரிப் பேராசிரியராக்குதல்

பதினான்கு வயதில் பள்ளியை விட்டவர். பிறகு வங்கிக் குமாஸ்தா.

வில்லியம் மோரிஸுடன் குழப்புதல்

கெல்ம்ஸ்காட் அச்சகம் நடத்திய ஆங்கிலக் கலைஞர் மோரிஸ் 1896-இல் இறந்தபோது மாரிசனுக்கு ஏழு வயது.