கண்மாயில் எத்தனை ஜிலேபி? வடிக்காமலே கணக்கிடும் முறை

காரைக்குடி, திருப்பத்தூர்ப் பக்கத்துக் கண்மாய் ஒன்றில் எத்தனை ஜிலேபி மீன் இருக்கும் என்பதைத் தண்ணீரை வடிக்காமலே ஏறக்குறையச் சொல்லிவிடலாம். கொஞ்சம் பிடித்து, அடையாளம் வைத்து விட்டுவிட வேண்டும். பிறகு மறுபடி பிடித்து, அதில் அடையாளத்தோடு எத்தனை வருகிறது என்று பார்க்க வேண்டும். டென்மார்க்கின் பீட்டர்சன் (1896), அமெரிக்காவின் லிங்கன் (1930) இருவர் பெயராலும் வழங்கும் கணக்கு இது.

முதலில் வீட்டில்

தூக்குவாளியில் புளியங்கொட்டையை எண்ணாமல் கொட்டுங்கள். 60 கொட்டையில் நகப்பூச்சால் புள்ளி வைத்து, காய்ந்தபின் திரும்பப் போடுங்கள். (சுண்ணாம்பு வேண்டாம், உதிர்ந்து மற்றதிலும் ஒட்டும்.) நன்றாகக் குலுக்கி, பார்க்காமல் 75 அள்ளுங்கள். அதில் 9 புள்ளியோடு வந்தால்:

60 × 75 ÷ 9 = 500

அள்ளியதில் என்ன விகிதமோ, அதேதான் வாளி முழுக்கவும் என்பதே கணக்கின் அடிப்படை. ஆனால் எண்ணிக்கை சிறிதாக இருக்கும்போது இது சற்றுக் கூடுதலாகவே காட்டும். அதனால் மூன்று எண்ணோடும் ஒன்றைக் கூட்டிப் போட்டு, விடையில் ஒன்றைக் கழிப்பது நல்லது:

(61 × 76 ÷ 10) − 1 = ஏறக்குறைய 463

இந்த 463-ஐயும் அப்படியே நம்பிவிடாதீர்கள். 9 மட்டுமே திரும்பி வந்ததால், உண்மை 230 முதல் 700 வரை எங்கும் இருக்கலாம். 30 திரும்பி வருமளவுக்கு அதிகமாகக் குறியிட்டு, அதிகமாக அள்ளினால் அந்த வீச்சு ஏறத்தாழப் பாதியாகும். 7-க்குக் குறைவாக வந்தால் மறுபடி அள்ளுங்கள். கடைசியில் கொட்டைகளை ஒவ்வொன்றாக எண்ணிச் சரிபாருங்கள்.

கண்மாயில்

குத்தகைக்காரரிடமும் ஊராரிடமும் கேட்டுவிட்டுத்தான் வலை போட வேண்டும். குடிநீர் ஊருணியில் இறங்கவே வேண்டாம். ஆமை சிக்கினால் உடனே விட்டுவிடுங்கள். 1972 வனவுயிர் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது.

கலிங்கு (நிரம்பிய கண்மாயின் உபரி நீர் வழியும் இடம்) வழியாகத் தண்ணீர் போகாத, மடை திறக்காத நாட்களாகப் பாருங்கள். மடைப் பக்கம், கரையோரம், உள்வாய் (கரைக்கு உள்ளே தண்ணீர் தேங்கும் பகுதி) என்று பல இடத்தில் பிடியுங்கள். கையை நனைத்துக்கொண்டு மீனைப் பிடித்து, வால் துடுப்பின் மேல்முனையில் சிறு துண்டைக் கத்தரியுங்கள். சோர்ந்து மிதக்கும் மீனைக் கணக்கில் சேர்க்காதீர்கள். ஒரு வாரம் கழித்து அதே கண்ணளவு வலையோடு வாருங்கள். மாதக்கணக்கில் விட்டால் துடுப்பு வளர்ந்துவிடும். விராலையும் ஜிலேபியையும் ஒரே கணக்கில் கலக்காதீர்கள்; விரால் செடிக்குள் பதுங்கும், வலைக்கு ஜிலேபி போல வராது.

எங்கே தவறும்

எல்லாமே குறியோடு திரும்பி வரும் எண்ணிக்கையில்தான். குறியிட்டவை செத்தாலோ, வலைக்குப் பயந்து ஒதுங்கினாலோ அது குறையும். விடை ஊதிப் பெருகும். குறியிட்டு விட்ட மூலையிலேயே மறுநாள் வலை போட்டால் அது கூடும், விடை சுருங்கும்.

கோடையில் மீன்பிடித் திருவிழா வந்தால் அதையே இரண்டாம் பிடியாக வைத்துக்கொள்ளலாம். ஊரே இறங்குவதால் எண்ணிக்கை தாராளமாகக் கிடைக்கும். ஒரு சிக்கல் மட்டும் உண்டு: "வால் வெட்டிய மீன் இருக்கா?" என்று கேட்டால், அது கிடைத்தவர்கள் மட்டுமே வந்து காட்டுவார்கள். அப்படிக் கேட்காமல், கரையேறுபவர்களில் பத்தில் ஒருவரை நிறுத்தி, சாக்கில் உள்ள ஜிலேபி அத்தனையையும் கொட்டி எண்ணுங்கள்.