சங்கச் சண்டை கோர்ட்டுக்குப் போனால்: மேல்முறையீட்டில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒரு விளையாட்டு, ஒரு மாநிலம், இரண்டு சங்கங்கள். இரண்டுமே "நாங்கள்தான் அசல்" என்கின்றன. இந்தியாவில் இந்தச் சண்டை எட்டிப் பார்க்காத விளையாட்டைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். இதில் கீழ்க் கோர்ட்டில் ஜெயித்த தரப்பு மேல்முறையீட்டில் எப்படிச் சறுக்குகிறது என்பதற்கு 2023-ல் ஹரியானா மல்யுத்தத்தில் நடந்தது நல்ல பாடம்.

இந்திய மல்யுத்தக் கூட்டமைப்பின் தேர்தல் அந்த ஆண்டு ஆகஸ்ட் 12 என்று குறிக்கப்பட்டிருந்தது. ஹரியானா அமெச்சூர் மல்யுத்தச் சங்கத்துக்கு ஓட்டுரிமை கொடுத்ததை எதிர்த்து, ஹரியானா மல்யுத்தச் சங்கம் என்ற இன்னோர் அமைப்பு பஞ்சாப்-ஹரியானா உயர் நீதிமன்றத்துக்குப் போனது. முந்தைய நாளே தேர்தலுக்குத் தடை கிடைத்தது. காலத்தில் தேர்தல் நடக்கவில்லை என்று சொல்லி, உலக மல்யுத்த அமைப்பு அதே மாதம் இந்தியக் கூட்டமைப்பை இடைநீக்கம் செய்தது. செப்டம்பரில் பெல்கிரேடு உலகச் சாம்பியன்ஷிப்பில் மல்யுத்த வீராங்கனை அந்திம் பங்கல் வெண்கலம் வென்றபோது அவர் பெயருக்குப் பக்கத்தில் மூவர்ணக் கொடி இல்லை.

நவம்பர் 28-ம் தேதி உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை ரத்து செய்தது. தேர்தலை நடத்தவிட்டு, அதன் முடிவு உயர் நீதிமன்றத்தில் இருக்கும் ரிட் மனுவின் (அரசுக்கோ பொதுக் கடமை செய்யும் அமைப்புக்கோ நேரடியாக உத்தரவிடக் கேட்கும் மனு) தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது என்று உத்தரவிட்டிருக்கலாமே, மொத்தத்தையும் ஏன் நிறுத்த வேண்டும் என்பதுதான் அதன் கேள்வி. டிசம்பர் 21-ல் தேர்தல் நடந்து முடிந்தது.

ஒரு மாநிலத்துக்கு 2 ஓட்டுதான். அந்த 2 ஓட்டுக்கான சண்டையில் நாட்டின் தேர்தலே நின்றது. அளவுக்கு மீறிய நிவாரணம் கேட்பதுதான் என் பார்வையில் முதல் தவறு. மேல்முறையீட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் கைவைப்பது அதில்தான். தகராறுக்குரிய ஓட்டைத் தனி உறையில் வைக்கச் சொல்லிக் கேட்டிருந்தால், உடைக்கக் கடினமான உத்தரவு கையில் இருந்திருக்கும்.

அடுத்தது, பதிவையும் அங்கீகாரத்தையும் குழப்பிக்கொள்வது. சங்கப் பதிவாளர் தரும் சான்றிதழ் உங்கள் சங்கம் சட்டப்படி இருக்கிறது என்று மட்டும் சொல்லும். மாநில அணியை அனுப்பும் உரிமை தேசியக் கூட்டமைப்பின் அங்கீகாரத்தில் இருக்கிறது. அந்தக் கடிதங்கள், பொதுக்குழுத் தீர்மானங்கள், பைலா (சங்க விதிகள்) எல்லாம் முதல் கோர்ட்டிலேயே ஆவணமாகிவிட வேண்டும். சிவில் மேல்முறையீட்டில் புது ஆதாரத்தை அவ்வளவு எளிதில் சேர்க்க விடமாட்டார்கள். "அப்போது எங்கள் பீரோவில்தான் இருந்தது" என்பது செல்லாது.

எங்கே போவது என்பதிலும் தடுமாற்றம் உண்டு. கிரிக்கெட் வாரியம் அரசமைப்பின் 12-வது பிரிவு சொல்லும் 'அரசு' அல்ல என்று 2005-ல் ஜீ டெலிஃபிலிம்ஸ் வழக்கில் 3-2 என்ற கணக்கில் தீர்ப்பானது. ஆனால் 226-வது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் போட வழி உண்டு என்றும் அதே தீர்ப்பு சொன்னது. பிகார் கிரிக்கெட் சங்கம் தொடர்ந்த வழக்கில் 2015-ல் இது மறுபடி உறுதியானது. வாரியம் பொதுக் கடமை செய்கிறது என்பதே அடிப்படை. சந்தா கட்டாததற்காக உறுப்பினரை நீக்கிய மாதிரி உள் தகராறுக்கெல்லாம் ரிட் எடுபடும் என்று நம்பிப் போகாதீர்கள்.

மேல்முறையீடு தாக்கல் செய்துவிட்டாலே கீழ்த் தீர்ப்பு நின்றுவிடும் என்றும் பலர் நினைக்கிறார்கள். நிற்காது. தடை தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். கெடுவும் ஓடிக்கொண்டிருக்கும்: உயர் நீதிமன்றத் தனி நீதிபதியிடமிருந்து இரு நீதிபதிகள் கொண்ட டிவிஷன் பெஞ்சுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத் தீர்ப்பிலிருந்து உச்ச நீதிமன்றத்துக்குச் சிறப்பு அனுமதி மனு போட 90 நாள். சான்றிட்ட நகலுக்கு மனு கொடுத்துக் காத்திருக்கும் நாள்கள் கழிக்கப்படும் என்பதால் நகல் மனுவைத் தள்ளிப்போடாதீர்கள். ஜெயித்த தரப்பு கேவியட், அதாவது "எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள்" என்ற முன்மனு, போட்டு வைப்பது நல்லது. 90 நாள்தான் அதன் ஆயுள், அப்புறம் புதுப்பிக்க வேண்டும்.

சிறப்பு அனுமதி மனு ஒரு வரியில் தள்ளுபடியானதும் "உச்ச நீதிமன்றமே எங்களை அங்கீகரித்துவிட்டது" என்று பேனர் கட்டுகிறார்களே, அது தப்பு. அனுமதி மறுத்தது மட்டும்தான் நடந்திருக்கிறது. உயர் நீதிமன்றத் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டதாக ஆகாது என்பதை 2000-ல் குன்ஹயம்மது வழக்கு தெளிவாக்கியது. தோற்றவர் உயர் நீதிமன்றத்தில் மறுஆய்வு கேட்கும் வாசல் திறந்தே இருக்கும்.

சர்வதேச அமைப்பை மறந்துவிடுவதுதான் கடைசியில் வீரர் தலையில் விடிகிறது. 2022-ல் உச்ச நீதிமன்றம் அமைத்த நிர்வாகக் குழு இந்தியக் கால்பந்தை நடத்தியபோது, வெளித் தலையீடு என்று ஃபிஃபா ஆகஸ்டில் இடைநீக்கம் செய்தது. அக்டோபரில் 17 வயதுக்குட்பட்ட பெண்கள் உலகக் கோப்பை இங்கேதான் நடக்க இருந்தது. ஆகஸ்ட் 22-ல் கோர்ட் குழுவைக் கலைக்க, 26-ல் ஃபிஃபாவின் இடைநீக்கம் நீங்கியது. ஆக, மனு எழுதும்போதே உலக அமைப்பின் விதிகளையும் மேசையில் வைத்துக்கொள்ளுங்கள். லோசானிலுள்ள விளையாட்டு நடுவர் மன்றத்துக்குப் போக வேண்டிய விவகாரம் என்றால், விதிகள் வேறு கெடு சொல்லாதவரை 21 நாள்தான். 2025-ல் வந்த தேசிய விளையாட்டு நிர்வாகச் சட்டம் தனித் தீர்ப்பாயத்துக்கும், அங்கிருந்து உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீட்டுக்கும் வழி செய்கிறது. அதனால் பழைய வழக்கின் மனுவைப் பெயர் மாற்றித் தாக்கல் செய்யும் முன், அந்தச் சட்டத்தில் உங்கள் தகராறு எங்கே விழுகிறது என்று வக்கீலிடம் கேட்டுவிடுங்கள்.