கற்பனைக் கோளில் தரை அதிர்கிறதா? கதையில் அதை நம்பும்படி எழுதுவது எப்படி

அறிவியல் புனைகதை எழுதும் நண்பர்கள் தங்கள் கைப்பிரதிகளை எனக்கு அனுப்புவார்கள். வேற்றுக்கோள் கதை என்றால் ஒரு கட்டத்தில் தரை அதிரும். அடுத்த பக்கத்திலேயே ராட்சதப் புழு ஒன்று தலையை நீட்டிவிடும். புழு மேல் எனக்குப் பகை ஒன்றும் இல்லை. ஆனால் அது வந்த பிறகு கதையில் ஓட்டம் மட்டும்தான் மிஞ்சுகிறது, மர்மம் போய்விடுகிறது.

மர்மம் நிற்க வேண்டுமானால், எழுத உட்காருவதற்கு முன்பே அதிர்வின் காரணம் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். நான் இப்போது எழுதிக்கொண்டிருக்கும் கதையில் 'கருக்கல்' என்றொரு நிலவு, ஒரு பெரிய வாயுக்கோளை 126 மணி நேரத்துக்கு ஒருமுறை சுற்றுகிறது. பாதை கொஞ்சம் நீள்வட்டம். கோளுக்கு அருகே போகும்போது ஈர்ப்பு அதைப் பிசைகிறது. இது என் சொந்தச் சரக்கு இல்லை. வியாழனின் நிலவான ஐஓ இப்படித்தான் உள்ளே கொதிக்கும் என்று 1979 மார்ச்சில் மூன்று ஆய்வாளர்கள் எழுதினார்கள். அதே மாதம் வாயேஜர் 1 விண்கலம் அங்கே போய் எரிமலைகளைப் படம் பிடித்தது.

காரணம் முடிவானால் நேரம் தானாக வந்துவிடும். நம் நிலாவில் 700 முதல் 1,200 கிலோமீட்டர் ஆழத்தில் வரும் நடுக்கங்கள் ஏறக்குறைய 27 நாள் சுழற்சியைப் பின்பற்றுகின்றன. கருக்கலில் அது 126 மணி. இந்த எண்ணை வாசகரிடம் சொல்லாதீர்கள். மூன்று அதிர்வுகளின் நேரத்தை மட்டும் போகிறபோக்கில் குறிப்பிடுங்கள், கூர்ந்து படிப்பவர் கழித்துப் பார்த்துக்கொள்வார்.

அப்புறம், அதிர்வு எவ்வளவு நேரம் நீடிக்கும்? 1969 நவம்பரில் அப்போலோ 12 வீரர்களை நிலாவிலிருந்து மேலே தூக்கிவந்த ஏறுகலத்தை வேண்டுமென்றே நிலாவில் மோதவிட்டார்கள். நடுக்கம் அடங்க ஒரு மணி நேரம் ஆயிற்று. நொறுங்கிக் கிடக்கும் பாறை, துளி ஈரமில்லை, அலை சிதறிச் சிதறிச் சுற்றிக்கொண்டே இருக்கிறது. ஆகவே வறண்ட கோளில் அதிர்வு மெல்ல ஏறி மெல்ல இறங்கட்டும். பூமி மாதிரி நீர் ஊறிய பாறையானால் சட்டென்று வந்து சட்டென்று போகும்.

இரண்டு அலைகளை மறக்காதீர்கள். முதல் அலை தள்ளும், பின்னால் வரும் இரண்டாம் அலை குலுக்கும். பூமியில் இரண்டுக்கும் இடைப்பட்ட விநாடிகளை எட்டால் பெருக்கினால், அதிகத் தொலைவில்லாத நடுக்கங்களுக்கு, தூரம் கிலோமீட்டரில் சுமாராகக் கிடைக்கும். 40 விநாடி என்றால் 320 கிலோமீட்டர். உங்கள் கோளின் பாறைக்கு வேறு எண் வைத்துக்கொள்ளலாம். இரண்டாம் அலை திரவத்துக்குள் போகாது என்பதுதான் எனக்குப் பிடித்த துருப்புச்சீட்டு. கருக்கலின் மறுபக்கத்தில் நடுக்கம் வந்தால் என் நாயகியின் கருவியில் முதல் அலை மட்டும் பதிவாகிறது. அடியில் கடல் இருக்கிறது என்று அவளுக்கு அப்போதுதான் உறைக்கிறது.

உங்கள் நாயகியை உடனே விடையில் கொண்டுபோய் நிறுத்திவிடாதீர்கள். முதலில் தப்பான சந்தேகங்கள் வரட்டும். செவ்வாயில் இன்சைட் கலத்தின் அதிர்வுமானிக்குக் காற்றே பெரிய தொல்லையாக இருந்தது. அதன்மேல் கூடை மாதிரி ஒரு மூடி கவிழ்த்தும் பகல் நேரப் பதிவில் இரைச்சல்தான். அப்போலோ 17 விட்டுவந்த கருவிகளின் பழைய பதிவுகளை 2023-ல் மறுபடி அலசியபோது, காலைதோறும் வந்த சில அதிர்வுகள் அங்கே நின்ற இறங்குகலம் வெயிலில் விரிந்ததால் வந்தவை என்று தெரிந்தது. மனிதன் கொண்டுபோன தகரமே பேய் வேலை பார்த்திருக்கிறது! இதைவிட நல்ல திருப்பம் வேண்டுமா?

அளவில் ஆசைப்படாதீர்கள். இன்சைட் பதிவு செய்ததிலேயே பெரியது 2022 மே 4 அன்று வந்த 4.7 அளவுள்ள நடுக்கம்தான். மலை பிளக்காமலே பயம் வரும். 2023 செப்டம்பரில் உலகெங்கும் உள்ள அதிர்வுமானிகளில் 92 விநாடிக்கு ஒருமுறை ஒரே சீரான துடிப்பு, ஒன்பது நாள் ஓடியது. யாருடைய காலுக்கும் அது தெரியவில்லை. என்னவென்று கண்டுபிடிக்க 15 நாடுகளின் ஆய்வாளர்கள் சேர வேண்டியிருந்தது. கிழக்கு கிரீன்லாந்தில் டிக்சன் ஃபியோர்டு என்ற குறுகிய கடற்கால்வாய்க்குள் மலைச்சரிவு ஒன்று விழுந்து, தண்ணீர் கரைக்குக் கரை ஆடிக்கொண்டிருந்திருக்கிறது. வழக்கமான நடுக்கம் தாறுமாறாக இருக்கும். ஒரே சுருதியில் வந்ததால்தான் அவர்களே குழம்பினார்கள். உங்கள் கோளிலும் அந்தச் சீர்மையை வைத்துப் பாருங்கள்.

உடலுக்கு எப்படித் தெரியும் என்பதைக் கேட்டறிந்து எழுத முடியாது. என் வீட்டுக்குப் பின்னால் சரக்கு ரயில் பாதை. ராத்திரியில் ரயிலின் சத்தம் வருவதற்கு முன்பே அலமாரியில் எவர்சில்வர் டம்ளர்கள் ஒன்றோடொன்று உரசத் தொடங்கிவிடும். காற்றில்லாத நிலவில் அந்த உரசல்கூடக் கேட்காது. பூட்ஸ் வழியாகக் கணுக்காலில் ஏறும், தலைக்கவசம் தோளைத் தொடும் இடத்தில் ஒரு முனகல் இருக்கும், அவ்வளவுதான். வெட்டவெளியில் 'தடதட'வென்று எழுதியிருந்தால் அடித்துவிடுங்கள்.

கடைசியில் விளக்கக் காட்சி. விஞ்ஞானிக்கு மூன்று வாக்கியம் கொடுங்கள், போதும். என் நாயகி பேசவே மாட்டாள், அடுத்த அதிர்வின் நேரத்தைப் பலகையில் எழுதிவிட்டுக் கூடாரத்தின் கயிறுகளை இறுக்கப் போய்விடுவாள்.